நாற்பத்து மூன்று பிழைகளும் ஒரு தபால்காரரும்

செப்டம்பர் 4

ஐம்பத்து மூன்று வயதில் நாட்குறிப்பு எழுதத் தொடங்குகிறவர்களைப் பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் கிடையாது. ஒன்று, அவர்களுக்கு வியாதி வந்திருக்கும். இல்லாவிட்டால் வழக்கு வந்திருக்கும். எனக்கு வந்திருப்பது ஒரு வாசகர்.

அதற்கு முன், இந்த டைரியைத் திருட்டுத்தனமாகப் படிக்கப்போகிற கோமளாவைத் தவிர மற்றவர்களுக்காக ஓர் அறிமுகம். நான் தமயந்தி. புதுச்சேரி தொலைபேசி அலுவலகத்தில் இருபத்தாறு வருடம் ஊரார் பேச்சை இணைத்துக் கொடுத்துவிட்டு விருப்ப ஓய்வு வாங்கியவள். ஒட்டுக் கேட்டதில்லை, காதில் விழுந்ததைத் தடுத்ததுமில்லை. 'ரோசலின்' என்ற பெயரில் பிரெஞ்சு வாழ்க்கையைப் பற்றி ஆறு நாவல்கள் எழுதியிருக்கிறேன். கோமகன்கள், மெழுகுவர்த்தி விருந்துகள், மாடத்தில் பெருமூச்சுகள். இதுவரை பதினேழு பாரிஸ் பெண்களைக் காதலிக்க வைத்திருக்கிறேன். நான் பாரிஸ் போனதில்லை. கடற்கரையிலிருந்து நாலு தெரு தள்ளிக் குடியிருப்பதே போதுமான தகுதி என்று நினைத்தேன். காதல் விஷயத்திலும் அதே தகுதிதான். என்னைப் பெண் பார்க்க வந்த ஒன்பது பேரும் பஜ்ஜியை மட்டும் வேண்டாமென்று சொல்லவில்லை.

இன்று காலை பத்து மணிக்கு வாசலில் சைக்கிள் மணி. திறந்தால், மடிப்புக் கலையாத முழுக்கைச் சட்டையில் ஒருவர். அறுபது தாண்டியிருக்கும். கையில் ஓர் உறை.

"போன்ழூர் மதாம். மதாம் ரோசலினுக்கு ஒரு கடுதாசி."

"எங்கேர்ந்து வந்திருக்கு?"

"என்கிட்டேர்ந்துதான். தபால்ல போட்டா நாலு நாள் ஆவும். நான் முப்பத்தோரு வருஷம் தபால்காரனா இருந்தவன். நானே குடுத்துட்டுப் போலாம்னு வந்தேன்."

பெயர் அந்துவான் அருளப்பன். இதே புதுச்சேரி முத்தியால்பேட்டையில் பிறந்து, இருபத்தெட்டு வயதில் பிரான்சுக்குப் போய், லியோன் பக்கத்தில் ஒரு சின்ன ஊரில் வீடு வீடாகத் தபால் கொடுத்திருக்கிறார். மனைவி தவறி ஆறு வருடம். செத்துப்போன அண்ணனின் பூட்டிக் கிடந்த வீட்டைச் சீர்படுத்த ஜூலையில் வந்திருக்கிறார். நவம்பர் 28ஆம் தேதி திரும்பிப் போய் மகளோடு இருந்துவிடப் போகிறாராம். இத்தனையும் நான் கேட்கவில்லை. இரண்டு டம்ளர் காபி கொடுத்தேன், அவ்வளவுதான்.

உறைக்குள் ஆறு தாள். தலைப்பு: 'கோமகளின் கைக்குட்டை நாவலில் கண்ட பிழைகள்.' அழகான கையெழுத்து. எரிச்சலாக இருந்தது.

செப்டம்பர் 5

மொத்தம் நாற்பத்து மூன்று பிழைகள். நாற்பத்தொன்றுக்கு மேல் நான் ஒப்புக்கொள்ளப் போவதில்லை.

செப்டம்பர் 6

தண்ணீர்த் தொட்டி கழுவ ஆள் வந்ததால் நாள் முழுக்க வேறு வேலை ஓடவில்லை. ஓடாத நேரத்தில் அந்தப் பட்டியலைத் திரும்பவும் படித்தேன்.

'பிழை ஒன்று: நாயகன் ரவுல் வியாழக்கிழமைதோறும் காதலி எலோயிஸுக்குச் சாமந்திப் பூங்கொத்து அனுப்புகிறான். பிரான்சில் சாமந்தி கல்லறைக்குக் கொண்டுபோகிற பூ. பன்னிரண்டாம் அத்தியாயத்தில் எலோயிஸ் முகம் வாடியதன் காரணம் எனக்குப் புரிந்தது.'

'பிழை ஒன்பது: ஆகஸ்ட் மாதத்தில் ஒரே நாளில் கவுன் தைத்துக் கொடுத்த தையல்காரர். ஆகஸ்டில் பாதி ஊர் விடுமுறைக்குப் போயிருக்கும். இவருடைய விலாசம் தெரிந்தால் தெரிவிக்கவும்.'

'பிழை பதினாறு: கன்னத்தில் முத்தம் பட்டதும் எலோயிஸ் மயங்கி விழுகிறாள். அங்கே தெரிந்தவர்கள் பார்த்துக்கொண்டாலே கன்னத்தில் முத்தம்தான். இந்த நாவல்படி பார்த்தால் ஊரில் ஒருவரும் எழுந்து நிற்க முடியாது.'

சிரிக்கவில்லை. தொட்டி கழுவுகிறவர் ஏன் சிரிக்கிறீர்கள் என்று கேட்டார். அவருக்குக் காது சரியில்லை.

செப்டம்பர் 9

நான் பெருந்தன்மையானவள் என்பதால் அவரை வேலைக்கு அமர்த்திவிட்டேன். ஏழாவது நாவலை நவம்பர் முடிவதற்குள் பதிப்பாளர் தணிகாசலத்திடம் கொடுத்தாக வேண்டும். செவ்வாயும் வெள்ளியும் காலை பத்தரைக்கு அந்துவான் வருவார். நான் எழுதியதை வாசிப்பேன். அவர் திருத்துவார். அவர் என்னை 'மதாம்' என்பார், நான் அவரை 'மிசே' என்பேன், பிரெஞ்சு 'ஐயா'. அவர் 28ஆம் தேதி கிளம்புகிறார், நாவல் அதற்குள் முடிந்துவிடும். எல்லாம் ஒழுங்காகப் பொருந்தியிருக்கிறது.

மாடியில் குடியிருக்கும் கோமளா, என் தம்பி பெண்டாட்டி, துணி காயப்போடும் சாக்கில் மூன்று முறை இறங்கி வந்தாள். கையில் மூன்று முறையும் அதே துண்டு.

"இன்னா அண்ணி, அந்த ஆளுக்கு மட்டும் பீங்கான் கப்புல காபி குடுக்கறீங்க? எங்களுக்கெல்லாம் எவர்சில்வர்தான?"

"அவர் பிரான்ஸ்ல இருந்தவரு. டவரா டம்ளர் பழக்கமிருக்காது."

"முத்தியால்பேட்டக்காரருக்கு டவரா தெரியாதா? நல்லா சொன்னீங்க போங்க."

செப்டம்பர் 16

புது நாவலின் நாயகி வலேரி. இளம் விதவை. அவளைக் காதலிக்கும் கோமகனுக்குப் பன்னிரண்டு குதிரைகள். வாசித்து முடித்ததும் அந்துவான் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"மதாம், கோபப்படாதீங்க. நான் முப்பத்தோரு வருஷத்துல ஒரு கோமகனைக்கூடப் பார்த்ததில்ல. ஒரு பிரபு இருந்தாரு. இடிஞ்ச மாளிகை. மழையில ஒழுகும். நான் தபால் கொண்டுபோனா ஏணியப் புடிக்கச் சொல்வாரு."

"பின்ன அங்க யாருதான் காதலிக்கிறாங்க?"

"ரொட்டிக் கடக்காரம்மா. பள்ளிக்கூட வாத்தியாரு. பல் டாக்டரு. எல்லாருந்தான்."

"பல் டாக்டரை வெச்சு நான் எப்படி நாவல் எழுதறது மிசே?"

"அவருதான் ஊர்லயே அதிகம் காதலிச்சாரு" என்றார், மிகுந்த மரியாதையுடன்.

செப்டம்பர் 19

பிரெஞ்சு வாழ்க்கையை நேரடியாக ஆராய்ச்சி செய்தேன். அதன் விவரம் பின்வருமாறு.

சாயங்காலம் ஆறரைக்கு 'அப்பேரோ'வுக்கு வாங்க என்று கூப்பிட்டிருந்தார். என் நாவல்களில் விருந்து என்றால் குறைந்தது எட்டுப் பக்கம் வரும். ஆகவே மத்தியானம் சாப்பாட்டைப் பாதியில் நிறுத்திக்கொண்டேன். சரிகைக் கரை போட்ட பச்சைப் புடவை. அது ஆராய்ச்சிக்கு ஏற்ற புடவை.

மேசையில் மூன்று கிண்ணங்கள். ஒன்றில் ஆலிவ் காய், ஒன்றில் வறுத்த முந்திரி, ஒன்றில் விரல் நீளத்துக்கு உப்பு பிஸ்கட். அவருக்குச் சிவப்பு ஒயின், எனக்குத் திராட்சை ரசம். சரி, இது முன்னோட்டம் என்று உட்கார்ந்தேன். பேசினோம். வருடக் கடைசியில் தபால்காரர்கள் வீடு வீடாகக் காலண்டர் கொண்டுபோவார்களாம். வீட்டுக்கு வீடு உள்ளே கூப்பிட்டு ஒரு சின்னக் கிளாஸ் ஊற்றிக் கொடுப்பார்களாம். முதல் வருடம் மறுக்கத் தெரியாமல் இருபது வீடு முடித்து, சைக்கிளைத் தோளில் சுமந்துகொண்டு வீட்டுக்கு வந்தாராம். மனைவி பிலோமின் கதவைத் திறந்து சைக்கிளை மட்டும் உள்ளே எடுத்து வைத்துக்கொண்டாளாம்.

ஏழரை ஆயிற்று. இலையைக் காணோம். சமையலறையிலிருந்து ஒரு தாளிப்புச் சத்தம்கூட இல்லை. முந்திரியை முடித்தேன். எட்டு. ஆலிவ் காய் இருபத்து மூன்று தின்றேன். உப்பில் ஊறிய வேப்பங்கொட்டை மாதிரி இருந்தது. எட்டேகாலுக்கு அவர் கண்ணில் ஒரு களைப்பு தெரிந்தது. எழுந்து வந்துவிட்டேன்.

வீட்டுக்கு வந்து நின்றவாக்கில் தயிர்சாதம். எலுமிச்சை ஊறுகாயில் பாதி பாட்டில் காலி.

செப்டம்பர் 23

உண்மை வெளியாகிவிட்டது. அப்பேரோ என்றால் சாப்பாட்டுக்கு முன்னால் கொறிப்பது மட்டும்தானாம். ஒரு மணி நேரம் பேசிவிட்டு விருந்தாளி கிளம்பிவிட வேண்டும். சாப்பாடு அவரவர் வீட்டில்.

"அதை முன்னாடியே சொல்லக் கூடாதா மிசே?"

"ஆறு நாவல் எழுதினவங்களுக்குச் சொல்லித் தரணுமான்னு இருந்துட்டேன். நீங்க எழுந்திரிச்சதும் நான் சாப்பிடலாம்னு காத்திருந்தேன். பசி கண்ணைக் கட்டிடுச்சு."

ஆக, இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் மரியாதை காட்டிப் பட்டினி கிடந்திருக்கிறோம். சிரித்ததில் கோமளா மாடியிலிருந்து எட்டிப் பார்த்தாள். கையில் அதே துண்டு.

அக்டோபர் 3

இன்று வேலை அபாரமாக நடந்தது. கோமகன் மண்டியிட்டு "உன்னை நேசிக்கிறேன்" என்று சொல்லும் காட்சியை வாசித்தேன். ஒன்றரைப் பக்கம். என் குரலே எனக்குப் பிடித்திருந்தது.

"யாரும் மண்டி போட்டு நான் பார்க்கல மதாம். அறிக்கை விடறதெல்லாம் கெடையாது."

"அப்போ ரெண்டு பேருக்கு நடுவுல விஷயம் இருக்குன்னு ஊருக்கு எப்படித் தெரியும்?"

"ஊருக்குத் தெரியாது. தபால்காரனுக்குத் தெரியும். ஒவ்வொரு வீட்டு வாசல்லயும் தபால் டப்பா இருக்கும். அது மேல பேரு ஒட்டியிருக்கும். ஒரு நாள் போனா அந்தப் பேருக்குக் கீழ இன்னொரு பேரு ஒட்டியிருக்கும், கையால எழுதி. முடிஞ்சுது. யாரும் யார்கிட்டயும் எதுவும் சொல்லியிருக்க மாட்டாங்க."

"பேரைக் கிழிக்கிறதும் உண்டா?"

"உண்டு. பல் டாக்டர் வீட்டு டப்பாவுல பசை காஞ்சதே இல்ல."

மத்தியானமே அந்தக் காட்சியைத் திருத்தி எழுதினேன். மண்டி போனது, டப்பா வந்தது. அந்த டப்பாவுக்குத் தபால் கொண்டுவர ஓர் ஆள் தேவைப்பட்டதால், கதையில் ஒரு தபால்காரரைச் சேர்த்திருக்கிறேன். சின்னப் பாத்திரம்தான். இரண்டு வரி.

அக்டோபர் 10

அந்தத் தபால்காரர் இப்போது நாலு அத்தியாயத்தில் வருகிறார். கதைக்குத் தேவைப்படுகிறது.

நவம்பர் 28க்கு இன்னும் நாற்பத்தொன்பது நாள். நாவலை முடிக்க வேண்டுமே என்றுதான் எண்ணிப் பார்த்தேன்.

அக்டோபர் 14

அந்துவான் வரவில்லை. மழையில் நனைந்து காய்ச்சலாம். மிளகு ரசம் வைத்து, என் அம்மா வாங்கிய பித்தளைத் தூக்கில் ஊற்றி, தம்பியிடம் கொடுத்தனுப்பினேன். அவன் எதுவும் கேட்க மாட்டான். எங்கள் குடும்பத்தின் வாய் முழுவதும் எனக்கே வந்துவிட்டது.

அக்டோபர் 16

தூக்கு திரும்பி வந்தது. பக்கத்து வீட்டுக்காரரிடம் கொடுத்தனுப்பியிருக்கிறார். மூடியைத் திறந்து பார்த்தேன்.

வெறும் தூக்கு.

அக்டோபர் 17

ஒரு பழம் இல்லை. ஒரு பிஸ்கட் இல்லை. ஒரு கை சர்க்கரைகூட இல்லை. வாங்கிய பாத்திரத்தை யாராவது வெறுமையாகத் திருப்பித் தருவார்களா? பகையாளி வீட்டிலிருந்துகூட நாலு பச்சை மிளகாயாவது போட்டுத்தான் வரும். வெறும் பாத்திரம் என்றால் இத்தோடு போதும், இனிமேல் அனுப்பாதே என்றுதான் அர்த்தம்.

எனக்கு அதனால் ஒன்றுமில்லை. இன்று எழுத முடியாது, கொசுவலை துவைக்க வேண்டும் என்று சொல்லியனுப்பிவிட்டேன். கொசுவலையும் துவைத்தேன். அதில் அழுக்கே இல்லை.

அக்டோபர் 20

தீபாவளி. அதிரசம் நாற்பது சுட்டேன். யாருக்கும் கொடுத்தனுப்பவில்லை.

கோமளா: "எதுக்கு அண்ணி இவ்ளோ?"

நான்: "மாவு மீந்துச்சு."

கோமளா: "மாவு மீந்துச்சா, ஆளு கொறைஞ்சுதா?"

அவள் வாயில் ஓர் அதிரசத்தை வைத்து அடைத்தேன்.

அக்டோபர் 28

இரண்டு வாரம் கழித்து இன்று காலை பத்தரைக்குச் சைக்கிள் மணி. நான் திறக்கவில்லை. கோமளா ஓடி வந்து திறந்தாள். இளைத்திருந்தார். சட்டையில் மடிப்பு சரியாக விழவில்லை.

"மதாம், கொசுவலை காஞ்சிடுச்சா?"

"காஞ்சிடுச்சு."

"நான் எதாவது தப்புப் பண்ணிட்டனா?"

நான் வாயைத் திறப்பதற்குள் கோமளா முந்திக்கொண்டாள். "பின்ன? தூக்கை வெறுமனே அனுப்பினா என்னா அர்த்தம்? ஒரு சக்கரையாவது போட்டு அனுப்பக் கூடாதா? பன்னெண்டு நாளா எங்க வீட்ல சாம்பார்ல உப்பு இல்ல மிசே!"

அந்துவான் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். "எங்கம்மா அப்படித்தான் போடுவாங்க. ஒரு வாழைப்பழமாவது. எப்படி மறந்தேன்? அங்க ஒரு தடவ பக்கத்து வீட்டம்மாவுக்குத் தட்டைத் திருப்பிக் குடுக்கறப்போ பிலோமின் சக்கரை போட்டா. அவங்க பயந்துட்டாங்க, இது என்ன பொடின்னு. அதுக்கப்புறம் விட்டுட்டோம். கழுவித் தொடச்சுக் குடுத்தா அதுதான் அங்க மரியாதை." பிறகு சொன்னார்: "காய்ச்சலோட ரெண்டு மணி நேரம் புளி போட்டுத் தேச்சேன் மதாம். கைப்புடி ஆடுச்சு. அதையும் முடுக்கினேன்."

சமையலறைக்குப் போய்த் தூக்கை எடுத்துப் பார்த்தேன். என் முகம் அதில் தெரிந்தது. பன்னிரண்டு வருடமாக ஆடிக்கொண்டிருந்த கைப்பிடி அசையவில்லை. வெறுமையாக இருக்கிறதென்று உள்ளே பார்த்தேனே தவிர, வெளியே பார்க்கவில்லை.

மிச்சமிருந்த அதிரசத்தை எடுத்து வைத்தேன். கல்லாகியிருந்தது. காபியில் நனைத்து ஆறு சாப்பிட்டார்.

நவம்பர் 2

கல்லறைத் திருநாள். அப்பா, அம்மா, அண்ணன் கல்லறைக்குப் போகிறேன், வருகிறீர்களா என்று கேட்டார். ஆராய்ச்சிக்கு உதவும் என்று போனேன். நான்தான் பூ சுமந்தேன். சாமந்தி. இந்த முறை சரியான இடத்துக்கு.

எங்கும் கூட்டம். மெழுகுவர்த்தி, ஊதுவத்தி, சுண்ணாம்பு அடித்த சிலுவைகள். அவர் புல் பிடுங்கினார். நான் தண்ணீர் தெளித்துக் கழுவினேன். ஓர் அம்மாள் எங்களைப் பார்த்து, "வூட்டுக்காரம்மாவா?" என்று அவரிடம் கேட்டாள். அவர் கேட்காதது போலச் சாமந்தியை அடுக்கினார். காது சிவந்திருந்தது. வெயிலாக இருக்கும்.

"பிலோமினுக்கு இந்நேரம் ஸில்வி பூந்தொட்டி வெச்சிருப்பா" என்றார். ஸில்வி அவர் மகள். "குளிர் ஆரம்பிச்சிருக்கும். எனக்கு ரூம் தயார் பண்ணி வெச்சிருக்கா. ஜன்னல்லேர்ந்து மலை தெரியும்னு எழுதியிருக்கா."

"நல்லா இருக்கும்" என்றேன்.

நல்லாத்தான் இருக்கும். அங்கே மகள், மலை, மனைவியின் கல்லறை. இங்கே என்ன இருக்கிறது? ஒழுகுகிற வீடும், முடியாத ஒரு நாவலும்.

நவம்பர் 11

கோமகனை நாடு கடத்திவிட்டேன். குதிரைகளும் போயின. வலேரிக்கும் தபால்காரருக்கும்தான் இனிக் கதை. கடைசி அத்தியாயத்தில் தபால்காரர் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போகிறார். வலேரி ஜன்னலில் நின்று ரயிலைப் பார்க்கிறாள். ஒரு வார்த்தை பேசுவதில்லை. கண்ணியமான முடிவு.

வாசிக்கவில்லை. கையெழுத்துப் பிரதியாகவே அந்துவானிடம் கொடுத்தனுப்பினேன். தொண்டை கட்டியிருந்தது.

நவம்பர் 18

ஸில்வி வந்துவிட்டாள், அப்பாவை அழைத்துப்போக. இன்று காபிக்குக் கூப்பிட்டிருந்தேன். முப்பது வயதுப் பெண், அப்பாவின் மூக்கு, குட்டை முடி. உள்ளே வந்ததும் என் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தாள். நான் மயங்கவில்லை. கோமளா சுவரோரமாகப் பின்வாங்கியும் தப்பிக்க முடியவில்லை.

அந்துவான் சமையலறையில் தட்டில் முறுக்கு எடுத்து வைத்துக்கொண்டிருந்தார். ஸில்வி என்னை நேராகப் பார்த்தாள். அவள் தமிழ் ஒவ்வொரு சொல்லாக, வரிசையில் நின்று வரும்.

"அப்பா ஃபோன்ல எப்பவும் உங்க பேர் சொல்றாரு. செவ்வாய் தமயந்தி. வெள்ளி தமயந்தி. நீங்க அப்பாவுக்கு யாரு?"

இப்படியா ஒரு பெண் கேட்பாள், காபி ஆறுவதற்குள்? பதினேழு பெண்களுக்கு வசனம் எழுதிய நான் அவள் கப்பில் இன்னும் கொஞ்சம் காபி ஊற்றினேன். கோமளா என் முழங்கையைக் கிள்ளினாள்.

"அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா" என்றேன். "புத்தக வேலை. அவர் தப்புப் பார்ப்பாரு. அவ்ளோதான்."

திரும்பினால் அவர் தட்டோடு சமையலறை வாசலில் நிற்கிறார். முறுக்கை மேசையில் வைத்தார். "ஆமா. அவ்ளோதான்" என்றார்.

அதற்குப் பிறகு எல்லோரும் மழையைப் பற்றிப் பேசினோம்.

நவம்பர் 21

வெள்ளிக்கிழமை. பத்தரை ஆயிற்று. பதினொன்று ஆயிற்று. காஸ் சிலிண்டர் வந்தது.

கோமளா படியில் உட்கார்ந்து கீரை ஆய்ந்தாள். "சொல்லிடுங்க அண்ணி."

"எதை?"

"நான் ஆயறது முளைக்கீரைன்னு. வேற எதைச் சொல்லச் சொல்லப்போறேன்?"

நவம்பர் 23

கையெழுத்துப் பிரதி திரும்பி வந்துவிட்டது. வெள்ளை உறை, கதவிடுக்கில் செருகப்பட்டு. மணி அடிக்கவில்லை. பக்கம் பக்கமாகப் பார்த்தேன். நாலைந்து இடத்தில் சிறு திருத்தங்கள்: பாலாடைக்கட்டி சாப்பாட்டுக்குப் பிறகு, பழத்துக்கு முன்னால், ஜூனில் பனி பெய்யாது. கடைசிப் பக்கத்தில், வலேரி ஜன்னலில் நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில், அந்த அழகான கையெழுத்தில்:

'இது பிழையில்லை. இப்படியும் நடக்கும். எனக்குத்தான் பிடிக்கவில்லை.'

இதை இருபது தடவை படித்தேன் என்று எழுதினால் கோமளா படித்துவிடுவாள். படிக்கட்டும். இருபது தடவை படித்தேன்.

நவம்பர் 24

காலை பதினோரு மணிக்கு முத்தியால்பேட்டைக்குப் போனேன். ஆட்டோவில் போகும்போதே ஒரு விஷயம் தெளிவாகிவிட்டது: என் பதினேழு நாயகிகளும் முட்டாள்கள். ஒருத்தியாவது வாயைத் திறந்து கேட்டாளா? ஜன்னல், கைக்குட்டை, பெருமூச்சு. ஆறு நாவலிலும் நானே அவர்களைக் கெடுத்து வைத்திருக்கிறேன்.

கதவு திறந்திருந்தது. கூடத்தில் இரண்டு பெட்டிகள், வாய் பிளந்தபடி. ஸில்வி சட்டைகளை மடித்துக்கொண்டிருந்தாள். அந்துவான் கையில் ஒரு ஜோடி காலுறையோடு எழுந்து நின்றார்.

"உக்காருங்க மதாம்."

"வேணாம் மிசே. நடு வீட்ல நின்னே பேசிடறேன். உக்காந்தா மழையப் பத்திப் பேச ஆரம்பிச்சுடுவேன்." ஸில்வி எழுந்து வெளியே போகப் பார்த்தாள். "நீயும் இரும்மா. நீ கேட்ட கேள்விக்குத்தான் பதில் கொண்டுவந்திருக்கேன்."

அவள் உட்கார்ந்தாள்.

"அன்னைக்கிப் புத்தக வேலைன்னேன். பொய். செவ்வாக்கெழம பத்தரைக்கு மணி அடிக்கலன்னா எனக்குச் சோறு எறங்கல. அம்பத்து மூணு வயசுல இதைச் சொல்ல வெக்கமாத்தான் இருக்கு. ஆனா சொல்லாம இருக்கறது அதவிடக் கேவலமா இருக்கு. நீங்க போகக் கூடாது மிசே. உங்களுக்குப் போகணும்னு இருந்தா போங்க, மகள் வீடு, நான் தடுக்க யாரு? ஆனா நான் கேக்கலங்கறதுக்காகப் போனதா இருக்கக் கூடாது. கேட்டுட்டேன்."

மூச்சு வாங்கியது. வாசிக்கும்போது மட்டும் எனக்கு மூச்சு வாங்காது.

அவர் காலுறையைக் கீழே போட்டுவிட்டுப் பெட்டி மேலேயே உட்கார்ந்தார். பெட்டி ஒரு பக்கம் அமுங்கியது.

"இந்தப் பொட்டிய நாலு தடவ கட்டி நாலு தடவ பிரிச்சேன்" என்றார், தரையைப் பார்த்து. "அப்பாவுக்கு ஞாபக மறதி வந்துடுச்சுன்னு ஸில்வி டாக்டரைத் தேடறா."

"அப்பா, இது மறதி இல்ல" என்றாள் ஸில்வி. "எனக்கு இப்பத் தெரியுது." பிறகு பிரெஞ்சில் ஏதோ வேகமாகச் சொன்னாள். அவரும் சொன்னார். அவள் மூக்கை உறிஞ்சினாள், சிரித்தாள். ஆறு நாவல் எழுதிய எனக்கு ஒரு வார்த்தை புரியவில்லை.

"என்ன சொல்றா?"

"மலை தெரியற ஜன்னலை என்ன பண்றதுன்னு கேக்கறா. வருஷத்துக்கு ரெண்டு மாசம் வந்து நில்லுன்னு சொல்றா." தயங்கினார். "பிலோமினையும் பார்க்கணும் நான். வருஷா வருஷம்."

"பார்க்கத்தான் வேணும். நானும் வரேன். இவ்ளோ எழுதிட்டு ஒரு தடவயாவது அந்த ஊரை நான் கண்ணால பார்க்க வேணாமா?"

"வந்தீங்கன்னா உங்களுக்கு எழுத ஒண்ணும் இருக்காது மதாம். அங்க எல்லாரும் வரி கட்டறதப் பத்தித்தான் பேசுவாங்க."

"பல் டாக்டர் இருக்காரில்ல?"

அவர் சிரித்தார். அந்தக் காலுறையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். துவைத்த காலுறைதான், ஸில்வி உறுதி சொன்னாள்.

நவம்பர் 25

தம்பியிடம் சொன்னேன். ஐந்து நிமிடம் யோசித்தான். "அவர் சட்டை இஸ்திரி எப்பவும் நல்லா இருக்கும்" என்றான். இந்த வருடத்தில் அவன் பேசிய நீளமான வாக்கியம் அது. சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன்.

கோமளா தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள். கோவிலா, சர்ச்சா, பதிவு அலுவலகமா என்று மூன்றாம் வீட்டில் விவாதம் நடக்கிறதாம். முடிவானதும் எங்களுக்கும் தெரிவிப்பார்கள்.

நவம்பர் 26

முந்தாநாள் ராத்திரியே கடைசி அத்தியாயத்தை மாற்றி எழுதி அனுப்பியிருந்தேன்; இன்று பதிப்பாளர் தணிகாசலம் ஃபோன். "அம்மா, கோமகனைக் காணோமே? குதிரைங்க எங்க? தபால்காரனுக்கா பொண்ணைக் குடுத்திருக்கீங்க? அதுவும் பொண்ணே போய்க் கேக்குது!"

"ஆமா."

"வாசகருங்க ஒத்துப்பாங்களா?"

"எழுதுனவளே ஒத்துக்கிட்டாளே" என்றேன்.

நவம்பர் 28

காலை பத்து மணி விமானத்துக்கு, விடிவதற்கு முன்பே வாசலில் விடைபெற்று, ஸில்வி தனியாகக் கிளம்பிப் போனாள். எங்கள் இருவர் கன்னத்திலும் இரண்டிரண்டு. அவருக்கு மட்டும் கூடுதலாக இரண்டு.

பத்து மணிக்கு அந்துவான் என் சமையலறையில் இருந்தார். சாம்பாருக்கு நான் உதவுகிறேன் என்று பிடிவாதம். சாம்பாருக்குச் சின்ன வெங்காயத்தை உரித்து முழுசாகப் போட வேண்டும்; குழந்தைக்குக்கூடத் தெரியும். அவர் ஒவ்வொன்றையும் எட்டுத் துண்டாக நறுக்கி, பிரெஞ்சு முறைப்படி வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தார்.

சொல்ல வாயெடுத்தேன். பிறகு விட்டுவிட்டேன். நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம். அவசரமில்லை.